இன்னொரு தரம் கேட்டவர்

இத்ரூஸ் பதுளை நீதிமன்றத்தில் தமிழ் மொழிபெயர்ப்பாளர். அவரை அம்பாந்தோட்டைக்கு மாற்றி உத்தரவு வந்தபோது மனைவி ஜெமீலா நிறைமாதத்தை நெருங்கிக்கொண்டிருந்தாள். முந்திய இரண்டு பிள்ளைகளும் தங்கவில்லை. போகும் வழியில் எல்லக் கணவாயில் மாட்டு வண்டி குலுங்கிக் குலுங்கி இறங்குவதை நினைத்தாலே அவருக்குத் தொழுகையில் ஓதுவது மறந்துபோகும்.

வழக்குப் பேசும் புரக்டரிடம் போனார். மாற்றத்தை எதிர்த்து அரசாங்க ஊழியர் வழக்குப் போட இடமில்லை என்றார் அவர். ஆனால் மனுப் போடலாம், மனுப் போட்டால் விசாரணை வரும், விசாரணை வந்தால் அதுவும் வழக்கு மாதிரித்தான் என்றார். இடம் இருக்கிறதா இல்லையா என்பது இத்ரூஸுக்குப் பிடிபடவில்லை. எப்படியோ மனு போயிற்று, விசாரணையும் வந்தது.

அரசாங்க அலுவலகமான கச்சேரியில் விசாரணைத் துரை காரணத்தை வாசித்தார். இத்ரூஸ் சாட்சிகளோடு வீண்பேச்சுப் பேசி நீதிமன்றத்தின் நேரத்தைக் கெடுக்கிறாராம். பேசவில்லை என்று அவரால் சொல்ல முடியவில்லை. காலையில் வேலை பிரிக்கும் பெரட்டில் தோட்டத்துத் துரை எதைக் கேட்டாலும் "ஆமாங்க தொரை" என்றே சொல்லிப் பழகியவர்கள் தோட்டத்து ஆட்கள். சாட்சிக் கூண்டிலும் அதுவே வாயில் வரும். திருடினாயா என்று கேட்டாலும் அதேதான். இத்ரூஸ் அவர்களை ஒரு வாய் தண்ணீர் குடிக்கச் சொல்லி, வேறு வார்த்தையில் இன்னொரு தரம் கேட்பார். இறைவனுக்குப் பொருத்தம் என்று நினைத்துச் செய்தது எந்த இடத்தில் குற்றமாயிற்று?

அவருக்குச் சாட்சி சொல்ல ஸ்பிரிங்வெளித் தோட்டத்திலிருந்து இராக்கம்மா நடந்தே வந்திருந்தாள். அவர் இன்னொரு தரம் கேட்டதால்தான் அவள் மகன் மறியலில் அடைபடாமல் தப்பினான். இத்ரூஸ் தன் விசாரணையில் தானே மொழிபெயர்க்க முடியாதே. அவருடைய இடத்துக்கென்று யாழ்ப்பாணத்திலிருந்து வந்திருந்த பொன்னையா அந்த வேலையைச் செய்தார்.

இத்ரூஸ் நல்லவரா என்று துரை கேட்டார்.

"ஆமாங்க தொரை."

அவரை அம்பாந்தோட்டைக்கு அனுப்பிவிடலாமா?

"ஆமாங்க தொரை."

புரக்டர் தலையைக் குனிந்துகொண்டார். இத்ரூஸுக்கு நாக்கு துடித்தது. வாய் திறந்தால் குற்றம் அங்கேயே ருசுவாகிவிடும். பொன்னையா அந்த ஒரு வார்த்தையை ஆங்கிலத்தில் சொன்னால் போதும், உத்தியோகம் அவருக்கு. ஆனால் அவர் மேசையிலிருந்த தண்ணீரை எடுத்துக்கொண்டு இராக்கம்மாவிடம் போனார்.

"களைச்சுப்போய் வந்திருக்கிறியள், முதல்ல இதைக் குடியுங்கோ. இவர் போனால் உங்களுக்கு நல்லமோ, கரைச்சலோ?"

அவள் குடித்தாள். முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டு முதல் தடவையாக அவர் முகத்தைப் பார்த்தாள்.

"அவுக போயிட்டா எங்க பேச்ச யாருங்க கேப்பா? பயத்துல ஏதோ சொல்லிப்புட்டேங்க. அனுப்பிடாதீங்க சாமி."

பொன்னையா முதல் பதிலையும் சொன்னார், இரண்டாவதையும் சொன்னார், நடுவில் தண்ணீர் கொடுத்ததையும் ஒளிக்கவில்லை. எதை எழுதுவது என்று துரை கேட்டார்.  பிறகு நெற்றியைத் தடவிவிட்டுத் தானே உத்தரவு சொன்னார்: மாற்றம் மாற்றம்தான், ஆனால் பிள்ளை பிறந்து நாற்பது நாள் கழியும்வரை இத்ரூஸ் பதுளையிலேயே இருக்கலாம், அதுவரை பொன்னையா அவரிடம் வேலை பழகட்டும். இன்னொரு தரம் கேட்பது குற்றமா என்பதைப் பற்றி அவர் மூச்சுவிடவில்லை.

வெளியே வந்ததும் புரக்டர் கைகொடுத்து வாழ்த்தினார். கச்சேரி எழுத்தர் அனுதாபம் சொன்னார். இத்ரூஸ் இரண்டையும் வாங்கிக்கொண்டார். பொன்னையாவிடம் மட்டும், ஏன் அப்படிச் செய்தீர்கள் என்று கேட்டார்.

"எனக்கும் விளங்கேல்லை. அந்த மனிசியின்ரை காலைப் பார்த்தன், ஒரே புழுதி. தண்ணி குடுக்கவேணும் போல இருந்தது."

வீட்டில் ஜெமீலா கட்டிவைத்த மூட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்தாள். வென்றாயிற்றா என்று கேட்டாள்.

"வெண்ட மாதிரியும் இரிக்கி, தோத்த மாதிரியும் இரிக்கி. புள்ள பொறந்து நாப்பது போற வரைக்கும் எங்கயும் போகத் தேவல்ல."

"அப்ப இந்த மூட்டைய அவுக்கவா, வாணாமா?"

 இத்ரூஸ் குனிந்து ஒரு மூட்டையை மட்டும் அவிழ்த்துத் தொழுகைப் பாயை எடுத்தார். மஃரிபுத் தொழுகைக்குப் பிறகு கையேந்தியபோது தனக்கு என்ன கேட்பதென்று புரியவில்லை. ஜெமீலாவுக்காகக் கேட்டார். பிறகு, சற்றுத் தயங்கி, பொன்னையாவின் பேரைச் சொன்னார்.