டாக்சி வரிசையில் ஒரு ஜெனரல்

பாரிஸில் எங்கள் ரயில் நிலைய வாசலில் டாக்சிகள் வந்த வரிசைப்படி நிற்பதில்லை. ஓட்டுகிற நாங்கள் நால்வரும் ரஷ்யாவை விட்டு ஓடிவந்த பழைய ராணுவத்தார். அதனால் முதலில் ஜெனரலின் கார், அப்புறம் கர்னல், அப்புறம் கேப்டன். நான் பயிற்சி முடிப்பதற்குள் புரட்சிக்காரர்களிடம் போரில் தோற்றுவிட்டதால் எப்போதும் கடைசி. அந்த ராணுவம் ஒழிந்து வருஷக்கணக்காகிறது. பதவி உயர்வு மட்டும் ஒவ்வொரு ஈஸ்டருக்கும் தவறாமல் நடக்கிறது.

போன வாரம் கொட்டுகிற மழையில் ஒரு பெண், மூச்சுத் திணறும் குழந்தையோடு ஓடிவந்து என் காரின் கதவைத் திறந்தாள்.

"ஆஸ்பத்திரிக்குப் போங்க, சீக்கிரம்!"

ஜெனரல் யெவ்லாம்பி கர்லோவிச் கை நீட்டித் தடுத்தார். "அம்மா, முறைன்னு ஒண்ணு இருக்கு. முதல் வண்டி என்னோடது. டீயைக் குடிச்சிட்டு வந்துடறேன்."

"குழந்தை நீலம் பாரிச்சுக் கிடக்குங்க ஐயா!" என்றேன்.

"டேய் ரோடியன், என்கிட்ட அட்டென்ஷன்ல நின்னு பேசு!"

நிற்க நேரமில்லை. அந்தப் பெண்ணை ஏற்றிக்கொண்டு வண்டியைக் கிளப்பினேன்.

குழந்தை பிழைத்தது. திரும்பி வந்தால், மூன்று பேரும் கூடி என்மேல் ராணுவ விசாரணை நடத்திக்கொண்டிருந்தார்கள்.

"கிளம்பறப்போ சல்யூட் அடிச்சியா?" என்றார் ஜெனரல். குழந்தையைப் பற்றி ஒருவர்கூடக் கேட்கவில்லை.

"உன்னைப் படையிலேர்ந்து நீக்கியாச்சு," என்றார் கர்னல்.

"எந்தப் படைங்க? நாட்டையே பறிகொடுத்துட்டு வந்து, டாக்சி ஸ்டாண்டைப் பிடிச்சு வச்சிருக்கே, அதுவா?"

படையில் இல்லாதவனுக்குக் கடைசி இடமும் இல்லை. காரை எடுத்துப்போய் ஜெனரலின் காருக்கு முன்னால் நிறுத்தினேன்.