ஒன்றரை மணி நேரத்துச் சுவர்

திங்கட்கிழமை காலை, சுவர்க் கடிகாரம் ஒன்பது அடித்த பிறகு ஒருவர் வீட்டுப் படி இறங்குகிறார். அவர் ராகுகாலத்தில் இறங்கினாரா, அது கழிந்த பின் இறங்கினாரா? ஏரம்பமூர்த்திக்கு இந்தச் சின்னக் கணக்குப் பிடிபடவில்லை. விடைகள் இரண்டு வந்தன. இரண்டும் சரியாகவே இருந்தன.

பஞ்சாங்கம் சூரியனைப் பார்த்து எழுதப்படுவது. கடிகாரம் அரசாங்கத்தைப் பார்த்து ஓடுவது. ஜப்பானியர் பினாங்குக்கு வந்ததும் எல்லாக் கடிகாரங்களையும் தோக்கியோ நேரத்துக்கு, அதாவது ஒன்றரை மணி முன்னால், தள்ளி வைக்கச் சொன்னார்கள். சூரியனுக்கு அந்த உத்தரவு போகவில்லை. திங்கட்கிழமை ராகுகாலம் பழைய கடிகாரத்தில் ஏழரை முதல் ஒன்பது வரை. அதன் நீளமும் ஒன்றரை மணிதான். ஆகவே புதிய கடிகாரம் ஒன்பது அடிக்கும்போது, கழிந்துவிட்டது என்று நாம் நினைக்கிற அந்தக் கணத்தில்தான் அது தொடங்குகிறது.

படி இறங்கியவர் கந்தப்பு, ஏரம்பமூர்த்தியின் தங்கை யோகலட்சுமியின் கணவர். வீட்டில் அரிசி தீர்ந்திருந்தது. கிடங்கில் எழுத்தர் வேலை ஒன்று இருப்பதாகக் கேள்விப்பட்டுப் புறப்பட்டார். "ராகுகாலம் முடிஞ்சுதே?" என்று வாசலில் நின்று கேட்டார். யோகலட்சுமி கடிகாரத்தை நிமிர்ந்து பார்த்து, "முடிஞ்சுது, வெளிக்கிடுங்கோ" என்றாள். தெரு முனையில் நின்ற பட்டாளத்து லோரியில் அவரைப் பிடித்து ஏற்றினார்கள். சயாமில் ரயில் பாதை போடுகிற வேலைக்கு. அந்தத் தெருப் பெண்கள் அன்று முழுவதும் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளேயே இருந்தார்கள்.

மழைக்காலம் கழிந்த பிறகு, அங்கிருந்து தப்பி வந்த பக்கிரிசாமி என்பவர் வாசலில் நின்றபடியே சொல்லிவிட்டுப் போனார். கந்தப்பு வாந்திபேதியில் இறந்துவிட்டார்.

பள்ளிக்கூடம் மூடிய பின் தீவின் மறுபக்கம் பாலிக் புலாவில் கிழங்கு நட்டுக்கொண்டிருந்த ஏரம்பமூர்த்தி தங்கையிடம் வந்து சேர்ந்தார். அவர் பௌதிக ஆசிரியர். ராகுகாலத்தில் நம்பிக்கை இல்லாதவர். ஆனால் பட்டினி கிடந்து, "நான்தான் அண்ணை அனுப்பினனான்" என்று சொல்லிக்கொண்டேயிருக்கிற ஒருத்தியிடம் அதையெல்லாம் எப்படிச் சொல்வது?

அதனால் வேறொன்று சொன்னார். பப்பாளி இலைக் காம்பை வெட்டி, பனையெண்ணெய்ச் சவர்க்காரத்தைக் கரைத்து, ஒட்டிக்கொண்ட இரண்டு குமிழிகளை ஊதிக் காட்டினார்.

"பார் பிள்ளை. ரெண்டுக்கும் நடுவிலை ஒரே ஒரு சுவர். ரெண்டும் ஒரே அளவெண்டால் அது நேராய் நிக்கும். ஒண்டு சின்னனெண்டால் அதுக்குள்ளை அமுக்கம் கூட. சுவர் பெரியதுக்குள்ளை வளைஞ்சு போகும். உலகங்களும் இப்பிடித்தான் எண்டு நான் நினைக்கிறன். ஒரு சின்ன விசயம் இப்பிடியும் நடக்கலாம், அப்பிடியும் நடக்கலாம் எண்டு வாற இடத்திலை உலகம் ரெண்டாகும். அந்த இடத்திலை சுவர் சரியான மெல்லிசு."

"அப்ப மற்ற உலகத்திலை?"

"மச்சான் பிந்திப் போயிருப்பார். வீட்டுக்கு வந்திருப்பார்."

அன்று யோகலட்சுமி சாப்பிட்டாள். அவித்த மரவள்ளியை உப்பில் தொட்டு, மெதுவாக, முழுவதும். ஏரம்பமூர்த்திக்குத் தன் தத்துவத்தின் மேல் பெரிய அன்பு வந்தது.

சில நாள் கழித்து அவள் கேட்டாள். "அந்தச் சுவர் எங்கை இருக்கண்ணை?"

"அவர் படி இறங்கின நேரத்திலை."

யோசிக்காமல் சொன்ன பதில். அதற்குப் பிறகு திங்கட்கிழமைதோறும், உண்மையான ராகுகாலம் கழிந்ததும், மற்ற உலகத்தில் அவர் இறங்கியிருக்கும் நேரத்தில், யோகலட்சுமி படி இறங்கித் தெரு முனை வரை நடந்தாள். சுவரைக் கடந்து அவரிடம் போகிறாளாம். போன வாரம் ஜப்பானியக் காவல் சிப்பாய்க்குக் குனிந்து வணங்காமல் நடந்தாள். அவன் அறைந்ததில் கன்னம் கன்றிப் போயிருந்தது.

"அடுத்த முறை சுட்டுப்போடுவான் யோகம்."

"ஒரு நாளைக்குக் கடப்பன்" என்றாள். முகத்தில் பயமே இல்லை.

ஒரு தத்துவம் சரியா என்று பார்க்க வழி இருக்கிறது. ஒன்றை மாற்றினால் முடிவும் மாற வேண்டும். அப்போதுதான் சுவர் அங்கே இருக்கிறது என்று பொருள். நேரத்தை மாற்றினால் கந்தப்புவின் முடிவு மாறியிருக்குமா? இதை அவர் முன்பே கேட்டிருக்க வேண்டும். தெரு முனையில் காப்பிக்கடை வைத்திருக்கும் காஜா மொய்தீனிடம் போனார்.

"வாங்க வாத்தியாரே. காப்பின்னு பேருதான், வறுத்த சோளம். கண்ண மூடிக்கிட்டுக் குடிங்க லா."

"மச்சானைப் பிடிச்ச அண்டைக்கு லோரி எத்தினை மணிக்கு வந்தது?"

"மணியா? ஜப்பான்காரன் மணிய யாரு பாக்கறது? சுபுஹு தொழுதுட்டு வந்து அடுப்ப மூட்டறேன், நிக்குது. அஸரு பாங்கு சொல்லி நான் கடைய சாத்தறப்பவும் நிக்குது. அந்த முனையில இன்னொண்ணு. நடுவுல சந்து பொந்து ஒண்ணும் கெடையாது. தெருவுல எறங்குன ஆம்பள ஒருத்தனும் திரும்பல." காலை நீட்டிக் காட்டினார். "என்னையும் இழுத்தான். இந்த நொண்டிக் காலப் பாத்துட்டு, தாக் குணா, ஒண்ணுத்துக்கும் ஒதவாதுன்னு தள்ளிவிட்டான். அன்னிக்குத்தான் இதுக்கு ஒரு மரியாதை."

சொல்லிவிட்டுச் சிரித்தார். பிறகு குவளையைத் துடைத்தபடி வேறு பக்கம் பார்த்தார்.

விடியல் தொழுகையும் பின்னேரத் தொழுகையும் சூரியனை ஒட்டியவை. எந்த உத்தரவும் அவற்றை நகர்த்தவில்லை. ஏரம்பமூர்த்திக்கு விடை கிடைத்துவிட்டது. கந்தப்பு உயிரோடு இருந்தது ஒரே ஓர் இடத்தில்தான். அந்த இடத்தைத் தங்கைக்குக் கொடுத்தவர் அவர். இப்போது அவரே திருப்பி வாங்க வேண்டும்.

யோகலட்சுமி குசினியில் கிழங்கு சீவிக்கொண்டிருந்தாள். அவர் எதிரில் தரையில் உட்கார்ந்தார்.

"நான் பிழையாய்ச் சொல்லிப்போட்டன், யோகம். லோரி விடிய முன்னமே வந்திட்டுது. பின்னேரம் வரைக்கும் நிண்டது. மற்ற முனையிலையும் ஒண்டு."

அவள் கத்தியைக் கீழே வைத்தாள். "அப்ப நான் பொறுங்கோ எண்டு சொல்லியிருந்தால்?"

"பிடிச்சிருப்பாங்கள். அரிசி இல்லை, அண்டைக்கு அவர் போகத்தான் வேணும். எத்தினை மணிக்குப் போயிருந்தாலும் பிடிச்சிருப்பாங்கள். நீ சொன்ன சொல்லாலை ஒண்டும் மாறேல்லை. அந்த இடத்திலை சுவர் இல்லை. அவர் திரும்பி வந்த உலகமும் இல்லை."