இருபத்தாறே கால் வீடு

சூடம் அணைத்துச் செய்த சத்தியம்: இதில் ஒரு சொல்லும் பொய் கிடையாது.

சேலையூருக்குத் தெற்கே பவளமல்லி நகர் மூன்றாவது தெருவுக்கு 2004 கோடையில் வாரம் ஒரு தண்ணீர் லாரிதான். பத்து வீட்டுக்கு ஒரு லாரி என்பது விதி. தெருவில் இருந்தவை பதினைந்து வீடுகள். குரோம்பேட்டைப் பள்ளிக்கூடத்தில் நாள் முழுக்கக் கணக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டு வந்து, குடத்தோடு வரிசையில் நிற்பாள் வேதா. கெண்டைக்கால் கெஞ்சும். அவள் முறை வரும்போது குழாயில் காற்றுதான் வரும். இன்னொரு லாரி வந்தால் போதும், கொஞ்சம் உட்காரலாம். அவள் கேட்டது அவ்வளவுதான்.

தண்ணீர் அலுவலகத்திலிருந்து தோத்தாத்ரி படிவத்தோடு வந்தார். வீடுகளை எண்ண அவருக்கு அனுமதியில்லை. சராசரி வளர்ச்சியை வைத்து மதிப்பிட வேண்டும் என்று உத்தரவு.

"2001-ல பத்து வீடு. அடுத்த வருஷம் முப்பது, அதாவது இருநூறு சதவீதம் ஏத்தம். அப்புறம் கிணறு வத்தி பாதிப் பேர் காலி பண்ணிட்டாங்க. பதினஞ்சு. மைனஸ் ஐம்பது. கூட்டி ரெண்டால வகுத்தா எழுபத்தஞ்சு. அப்போ இந்த வருஷம் இருபத்தாறே கால் வீடு."

வேதாவுக்கு நாக்கு அரித்தது. விகிதங்களை இப்படிக் கூட்டி வகுக்கக் கூடாது. இரண்டு வருடத்தில் பத்து பதினைந்தாகியிருக்கிறது. வருடத்துக்கு இருபத்திரண்டரை சதவீதம்கூட வராது. அதன்படி பதினெட்டு வீடு, ஒரே லாரி. வாயைத் திறந்தால் இரண்டாவது லாரி போச்சு. இதே தப்புக்கு எத்தனையோ பேருக்கு முட்டை போட்டவள் வாயை மூடிக்கொண்டாள்.

"அந்தக் கால் வீடு எதுங்க?" என்றார் தோத்தாத்ரி.

"என் வூடுதான் சார்," என்றாள் எதிர்வீட்டு மீன்காரி ஜெயக்கொடி. "செவுரு ஒண்ணுதான் கீது. நாலுல ஒண்ணு, கால்தானே? எய்திக்கோ."

இரண்டு லாரி வந்தது. அடுத்த வருடமும் தோத்தாத்ரி வந்தார். இருநூறு, மைனஸ் ஐம்பது, எழுபத்தைந்து. மூன்றால் வகுத்தாலும் அதே எழுபத்தைந்து. நாற்பத்தாறு வீடு, நாலு லாரி. அந்த வருட மழையில் தெரு முழங்கால் தண்ணீரில் நின்றபோதும் நாலும் தவறவில்லை. அதற்கடுத்த வருடம் எண்பது வீடு, எட்டு லாரி. தண்ணீரை இறக்கிக் கையெழுத்து வாங்காமல் ஒரு லாரியும் நகராது. அண்டா முதல் டம்ளர் வரை நிரம்பிக் கிணறுகள் வழிந்தன. ஜெயக்கொடி மீன் எடுக்கக் கோவளம் போவதை விட்டு, வாசலிலேயே வலை வீசினாள், விரால் விழுந்தது. முன்பு வேதாவுக்குத் தண்ணீருக்கு நின்று கால் வலித்தது. இப்போது கொட்டிக் கை வலித்தது.

ஒருநாள் பள்ளிக்கு லீவு போட்டு அலுவலகத்துக்கே போனாள்.

"சார், எங்க தெருவில பதினஞ்சு வீடுதான். சராசரி அப்படி எடுக்கக் கூடாது. அன்னிக்கே சொல்லியிருக்கணும்."

தோத்தாத்ரி கொட்டாவி விட்டார். "தெரியும் மேடம். நானும் பி.எஸ்சி. மேத்ஸ்தான். சராசரியோட சராசரியைச் சேர்த்தா சராசரி மாறுமா? எப்பவும் எழுபத்தஞ்சுதான். அடுத்த வருஷம் பதினாலு லாரி."

"நிறுத்த வழியே இல்லையா?"

"வீட்டை எண்ணணும். அதுக்குத்தான் அனுமதியில்லையே."

வேதா திரும்பி வந்து ஈரப் படியில் உட்கார்ந்தாள். எட்டு லாரியும் ஹாரன் அடித்தன. அவள் எழுந்திருக்கவில்லை.

பவளமல்லி நகரில் மொத்தமே இரண்டு தெருக்கள்தான். இதெல்லாம் நடந்தது மூன்றாவதில்.