ஜெர்லின் பிறந்தநாளுக்கு வந்தவர்கள்

பிளானர் ஷாலினி மேல் தப்பில்லை என்று இப்போது சொல்கிறேன். அன்றைக்கு அப்படிச் சொல்லவில்லை. அன்றைக்கு நான் சொன்னது வேறு. மண்டபமே கேட்டது.

அக்கா மகள் ஜெர்லினுக்கு ஐந்து வயது. பிறந்தநாளைப் பெரிதாகச் செய்ய வேண்டும் என்று ஆசைப்பட்டவள் நான்தான். எங்கள் வீட்டில் யாருக்கும் கேக் வெட்டியதில்லை. நான் டிகிரி பாஸ் பண்ணிய அன்றுகூட அக்கா பாயசம் வைத்தாள், அவ்வளவுதான். அவள் பத்தாவதோடு நின்று மரக்காணம் உப்பளத்துக்குப் போனதால்தான் நான் பி.காம். முடித்து, புதுச்சேரியில் ஏசி ஆபீசில் உட்கார்ந்திருக்கிறேன். அந்த ஆபீசில் ஒருத்தி தன் பையன் பிறந்தநாளை பிளானர் வைத்து நடத்திய போட்டோக்களைக் காட்டினாள். எனக்கு வயிறு எரிந்தது. எங்கள் பிள்ளைக்கு மட்டும் என்ன குறைச்சல்?

அக்கா அனுஷியா முதலில் சிரித்தாள்.

"கேக்கு வெட்றதுக்கு இன்னாடி மேஸ்திரி?"

"மேஸ்திரி இல்லக்கா, பிளானரு. நாம ஒரு வேலையும் செய்ய வேணாம். நீ பட்டுப்பொடவ கட்டினு வந்து நின்னா போதும்."

அவள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "நீ யார வேணும்னாலும் கூப்டுக்கோ. எங்க செட்டு வரணும். மேடையில ஏறி மொத கேக்கு அவங்கதான் பாப்பாவுக்கு ஊட்டணும்."

செட்டு என்றால் அவளோடு சேர்ந்து உப்பு சுமக்கும் பெண்கள். ஜெர்லின் பிறந்த அன்று அக்காவுக்கு வலி வந்தது உப்பளத்து வரப்பில். ஆம்புலன்ஸ் உள்ளே வர வழியில்லை. ராசம்மாக்காவும் விஜயலட்சுமியும் மற்றவர்களும் அவளைத் தார்ப்பாயில் படுக்க வைத்து, ஆளுக்கொரு பக்கம் பிடித்து, வழுக்குகிற வரப்பிலேயே ரோடுவரை தூக்கி வந்தார்கள். மாமா அன்றைக்கும் லாரியோடு வெளியூரில் இருந்தார், இன்றைக்கும் வெளியூர்தான்.

ஷாலினியிடம், "ஃபேமிலி ஃப்ரெண்ட்ஸ் கொஞ்ச பேர் ஸ்டேஜுக்கு வருவாங்க" என்று மட்டும் சொல்லி வைத்தேன். உப்பளம் என்ற வார்த்தை ஏனோ என் வாயில் வரவில்லை.

அவள் போட்ட தீம் பனிமலை. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் கோயில் ஹாலுக்குள் நுழைந்தபோது நானே அசந்துபோனேன். நீல விளக்கு, வெள்ளி நட்சத்திரம், தெர்மோகோலில் பனிவீடு. வாசலிலிருந்து மேடைவரை கால் வைக்கிற இடமெல்லாம் வெள்ளை.

"ஸ்னோ பவுடர் ரொம்ப காஸ்ட்லி மேடம். இங்கதான் ரோட்டோரம் மலை மாதிரி கொட்டி வெச்சிருக்காங்களே, கல்லுப்பு! லைட் பட்டா எப்டி மின்னுது பாருங்க" என்றாள் ஷாலினி.

மின்னியது. நல்லா இருக்கு என்றுகூடச் சொன்னேன்.

செட்டு வந்தது. தலைக்குக் குளித்து, பூ வைத்து, பெட்டியில் இருந்த நல்ல புடவையைக் கட்டிக்கொண்டு வந்தார்கள். வாசலில் செருப்பைக் கழற்றியவர்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். பாத்தியில் உப்புத் தண்ணீரில் பாதி நாள் நிற்கிறவர்கள்தான். ஆனால் வாரிக் கரையேற்றிய உப்பை அவர்கள் மிதிக்க மாட்டார்கள். கரையேறிவிட்டால் அது சோறு. காலில் வெடிப்பு வேறு.

"இன்னாடி இது, காலைல வுட்டுட்டு வந்த எடத்துக்கே சாயங்காலமும் வந்துட்டோமா?" என்றாள் விஜயலட்சுமி.

"இங்க ஃபேன் ஓடுது பாரு, அதான் வித்தியாசம்," என்ற ராசம்மாக்கா மூலையில் இருந்த துடைப்பத்தை எடுத்து, உப்பை ஓரமாக ஒதுக்கி வழி பண்ணினாள். மற்றவர்கள் முந்தானையைச் செருகிக்கொண்டு கையால் வாரிக் குவித்தார்கள். யாரும் செய்யச் சொல்லவில்லை. உப்பு சிந்திக் கிடந்தால் அவர்கள் கை சும்மா இருக்காது. அக்கா மேடையிலிருந்து இறங்கி ஓடி, பட்டுப்புடவையோடு அவளும் குனிந்தாள். ஒரே சிரிப்பு.

அப்போதுதான் ஷாலினி அந்தப் பக்கம் போனாள்.

"அக்கா, ஹால் ஸ்டாஃபா? தேங்க்ஸ்க்கா. முடிச்சிட்டுப் பின்னால போங்க, உங்களுக்குப் பார்சல் சொல்லியிருக்கேன்."

"பார்ரா, விருந்துக்கு வந்த எடத்துலயும் வேலை கெடச்சிருச்சு!" விஜயலட்சுமி கைகொட்டிச் சிரித்தாள்.

அக்கா அவள் முதுகில் ஒன்று வைத்தாள். "பார்சல அப்புறம் வாங்கிக்கலாம், மொதல்ல மேட ஏறுங்கடி."

ஏறியிருப்பார்கள். நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் ஏறியிருப்பார்கள்.

கேக் வெட்டுவதற்காகப் பாட்டை நிறுத்தியிருந்தார்கள். அந்த அமைதியில்தான் நான் கத்தினேன்.

"யாரப் பாத்து பார்சல் வாங்கிக்கன்றே? அவங்க உனக்குக் கூலிக்காரங்களா? எங்க அக்காகூட உப்பளத்துல வெயில்ல வேகறவங்க! நீ கொட்டி வெச்சிருக்கியே, அந்த உப்பே அவங்க தலையில சொமந்ததுதான்!"

மண்டபம் திரும்பியது. என் ஆபீஸ் ஆட்கள், ஜெர்லின் பள்ளிக்கூடத்துத் தாய்மார்கள், எல்லாரும். முதலில் செட்டுப் பெண்களின் முகத்தைப் பார்த்தார்கள், பிறகு காலைப் பார்த்தார்கள். ஒருத்தி செல்போனைத் தூக்கினாள். நான் நிறுத்தவில்லை. படித்தவள் அல்லவா, நியாயம் பேச வேண்டாமா? ஷாலினி அழுதாள். அவள் அழுததும் எனக்குக் கோபம் இன்னும் ஏறியது.

ராசம்மாக்கா துடைப்பத்தைச் சுவரில் சாய்த்தாள். செருகியிருந்த முந்தானையை இறக்கிவிட்டுக்கொண்டாள்.

"மாடு கத்தும். நாங்க கெளம்புறோம்மா."

"அக்கா, கேக்கு இன்னும்…" என்றேன்.

"இருக்கட்டும்." என் அருகே வந்ததும் குரலைத் தாழ்த்தினாள். "அந்தப் பொண்ணு ஒருத்திக்குத்தான் நாங்க வேலைக்காரிங்களாத் தெரிஞ்சோம். நீ கத்துனதுல எல்லாருக்கும் தெரிஞ்சிட்டோம்."

அக்கா வாசல்வரை பின்னாலேயே ஓடினாள். பாப்பாவுக்காக எல்லாரும் சேர்ந்து எடுத்த கவுனை அவள் கையில் கொடுத்துவிட்டுப் போனார்கள். முதல் கேக்கை நான்தான் ஜெர்லினுக்கு ஊட்டினேன். போட்டோவில் அக்கா இருக்கிறாள். வாசலைப் பார்த்துக்கொண்டு.

மறுநாள் அக்கா மிஞ்சிய கேக்கை எடுத்துக்கொண்டு வேலைக்குப் போனாள். மதியம் காலி டப்பாவோடு வந்தாள். நான் லீவு போட்டுவிட்டு வீட்டிலேயே இருந்தேன்.

"சாப்டாங்களா?"

"சாப்டாங்க. டீ நேரத்துல, நின்னுக்கினே."

"கோவமா இருக்காங்களா?"

"யாரும் ஒண்ணும் சொல்லல. நல்லாருந்துச்சுன்னாங்க. விஜயலட்சுமிகூடக் கிண்டல் பண்ணலடி."

"நான் ஒவ்வொருத்தர் வூட்டுக்கும் போறேன்க்கா. மன்னிப்பு கேக்கறேன். வர்ற ஞாயித்துக்கெழம நம்ம வூட்லயே இன்னொரு கேக்கு…"

அக்கா டப்பாவைத் தேய்த்துக்கொண்டே, திரும்பாமல் சொன்னாள். "நீ போவாத. நீ போனா அழுவே. அப்புறம் அவங்கதான் ஒன்ன சமாதானம் பண்ணணும். உப்பு சொமந்துட்டு வந்து அந்த வேலையும் பாக்கணுமா?"

நான் போகவில்லை. இன்னும் போகவில்லை.