பரிசீலனையில் இருந்த பிள்ளை

சைக்கிள் கடைக்காரரின் மகள் நான்கு வருடம் ஒன்பது மாதம் கர்ப்பமாக இருந்தாள். அம்மா அவளுக்கு எழுதிவைத்துவிட்டுப் போன வீட்டுமனையை நில அலுவலகத்தில் யாரோ ஒரு புண்ணியவான் பக்கத்து வீட்டுக்காரர் பெயரில் பதிவேட்டில் ஏற்றிவிட்டார். அதைத் திருத்தச் சொல்லி அவள் மேல்முறையீட்டு மனுவில் கையெழுத்துப் போட்டபோது நிறைமாதம். மறுநாள் வரவேண்டிய வலி வரவில்லை. அந்த வருடமே வரவில்லை. அறுவை செய்யப் பார்த்தால் கத்தி தோலில் இறங்க மறுத்தது. பிள்ளை நன்றாக இருக்கிறது, மனு முடிந்தால்தான் வெளியே வரும் என்று டாக்டர் சீட்டில் எழுதிக் கொடுத்தார். மருமகன் ஆசையாக வாங்கிய தொட்டிலில் துணி மடித்து வைக்க ஆரம்பித்தார்கள்.

சைக்கிள் கடைக்காரர் ஒவ்வொரு செவ்வாய்க்கிழமையும் அலுவலகத்துக்கு நடையாய் நடந்தார். "பரிசீலனையில இருக்கு பெரியவரே" என்பார் எழுத்தர், தலையைக்கூடத் தூக்காமல். அதிகாரிகள் ஐந்து பேர் மாறினார்கள். ஒவ்வொருவரும் முதல் பக்கத்திலிருந்து படித்தார்கள், முடிப்பதற்குள் மாற்றல் வந்தது. பிறகு அந்தக் கோப்பைக் குடிதண்ணீர்ப் பானை வைத்த மேஜையின் குட்டைக் காலுக்கு அடியில் முட்டுக் கொடுத்துவிட்டார்கள். எடுங்கள் என்றால், "எடுத்தா பானை சாயும்" என்றார்கள். இதையெல்லாம் கேட்டுக்கொண்டு ஒரு மனிதன் எப்படித்தான் பொறுமையாக இருப்பது, சொல்லுங்கள்! மூன்றாம் வருடம் பிள்ளை உள்ளேயே பேசக் கற்றுக்கொண்டது. செவ்வாய் மாலை அவர் செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டதும் வயிற்றுக்குள்ளிருந்து, "தாத்தா, முடிஞ்சுதா?" என்று கேட்கும். அவர் பின்கட்டுக்குப் போய் முகம் கழுவிக்கொள்வார்.

கடைசியில் ஒரு வக்கீலம்மாவைப் பார்த்தார். "கோர்ட்டு நிலத்தத் தூக்கிக் குடுத்துடாதுங்க. இத்தன நாளைக்குள்ள ஒரு முடிவு சொல்லுன்னு அதிகாரிக்கு உத்தரவு போடும், அவ்வளவுதான்" என்றார் வக்கீலம்மா. "அது போதும்மா. ஆமான்னோ இல்லன்னோ ஏதோ ஒண்ணச் சொல்லித் தொலைக்கட்டும்!" என்றார் இவர். ரிட் மனு போட்டார்கள். நீதிபதி அவள் வயிற்றைப் பார்த்தார், தேதியைப் பார்த்தார், எட்டு வாரம் கெடு கொடுத்தார். உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்துதான் எட்டு வாரம் என்றது அலுவலகம். பெற்றுக்கொண்டதற்கு முத்திரை குத்த வேண்டும், முத்திரையோ பழுதுபார்க்கப் போயிருந்தது. அது வந்து, எட்டு வாரமும் போய், அதற்கு மேலும் ஒரு மாதம் போயிற்று. வக்கீலம்மா பல்லைக் கடித்துக்கொண்டு அவமதிப்பு வழக்குப் போட்டார். அதிகாரி நேரில் வந்து நீதிபதி முன்னால் நிற்க வேண்டும் என்றதும், ஆறாவது அதிகாரி தாமே மண்டியிட்டுக் கோப்பை உருவினார். பானை சாய்ந்து அறை முழுக்கத் தண்ணீர்.

ஈரம் காயாத தாளில் உத்தரவு வந்தது. மேல்முறையீடு ஒன்பது நாள் தாமதமாகத் தாக்கல் செய்யப்பட்டிருப்பதால் தள்ளுபடி. தாமதமாம்! கிழவர் அலுவலகப் படிக்கட்டிலேயே தலையில் அடித்துக்கொண்டார். அடித்த கையை மகள் இறுக்கிப் பிடித்தாள். அவளுக்கு வலி எடுத்திருந்தது. அங்கேயிருந்த பெஞ்சில் பெண் குழந்தை பிறந்தது, பல்லும் இடுப்பளவு முடியுமாக. அழவில்லை. பெஞ்சிலிருந்து இறங்கித் தாத்தாவின் விரலைப் பிடித்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தது.

முப்பது நாளுக்குள் இன்னும் மேலே ஓர் அதிகாரியிடம் முறையிடலாம் என்றார் வக்கீலம்மா. மகள் பேனாவை எடுத்தாள். கிழவர் வெடுக்கென்று பிடுங்கினார்.

"நீ புள்ளய வளக்கணும். எனக்குப் பவர் எழுதிக் குடு, நான் கையெழுத்துப் போடறேன்."

"அப்பா, உங்களுக்கு எழுபது வயசாச்சு."

"அதனாலதான் சொல்றேன்."

மனு உள்ளே போய்ப் பதினான்கு வருடம் ஆகிறது. சைக்கிள் கடைக்காரருக்கு இன்றைக்கும் எழுபதுதான். தாடிகூட வளரவில்லை. பேத்திக்குப் பஞ்சர் ஒட்டக் கற்றுக்கொடுத்துவிட்டு, வயிற்றில் இருந்த வருடங்களையும் சேர்த்துப் பதினெட்டு முடிந்துவிட்டது என்று, இப்போது அவளுக்குக் கல்யாணப் பேச்சு எடுத்திருக்கிறார். செவ்வாய்க்கிழமைகளில் கடையை விட்டு எங்கும் போவதில்லை. போன மாதம் வக்கீலம்மா ஆள் அனுப்பி, மறுபடி ஒரு ரிட் போட்டுவிடலாமா என்று கேட்டார். அதற்கென்ன அவசரம், கொஞ்ச நாள் போகட்டும் என்று சொல்லி அனுப்பினார்.