நாற்காலியில் மீந்த சூடு

...சுவருக்கு மட்டும் யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது, சூரியன் இறங்கியாகிவிட்டது, வானம் சாம்பல் பூசிக்கொண்டுவிட்டது, தெருவிளக்குகள்கூட கொட்டாவி விட்டபடி ஒவ்வொன்றாக எரியத் தொடங்கிவிட்டன, ஆனால் வங்கிக் கட்டடத்தின் மேற்குச் சுவர் இன்னும் மத்தியானத்திலேயே நின்றுகொண்டிருந்தது, உள்ளங்கையை வைத்தால் சுருக்கென்றது. அவன் வெப்பக் கேமராவைத் தூக்கிப் பிடித்தான், திரையில் சுவர் மஞ்சளாகத் தகதகத்தது, வானம் கரிய நீலம், நடுவே ஒரு காக்கை சின்ன வெள்ளைப் பொட்டாகப் பறந்தது. மற்றொரு கையில் கம்பம், அதில் முழங்கால் உயரத்தில் ஒரு வெப்பமானி, தலை உயரத்தில் ஒரு வெப்பமானி. ஊருக்கு வெளியே புல்வெளியில் வெள்ளைப் பெட்டிக்குள் அளந்து செய்தியில் சொல்கிற வெப்பம் வேறு, மனிதர்கள் கால்வைத்து நடக்கிற தெருவின் வெப்பம் வேறு என்று நிரூபிப்பதற்காக ஒரு ஆள் இப்படிக் கம்பத்தோடு அலைய வேண்டியிருக்கிறது... அதற்குச் சம்பளம் வேறு கொடுக்கிறார்கள். தெருவில் அவனுக்கு ஆன்டெனா என்று பெயர். பழவண்டிக்காரம்மா இன்றைக்கும் கேட்டாள், ஆன்டெனா சார், மழை வருமா என்று. வரப்போவதைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாதம்மா, போன வெயிலைப் பற்றி வேண்டுமானால் கேளுங்கள் என்றான். அவள் சிரித்தாள். அவன் வேடிக்கைக்குச் சொல்லவில்லை.

பூங்காவின் சிமெண்டு பெஞ்சில் அடுத்தடுத்து இரண்டு வட்டங்கள், திரையில் ஆரஞ்சு நிறத்தில், ஒன்று பெரியது, ஒன்று சின்னது. இப்போதுதான் யாரோ இரண்டு பேர் எழுந்து போயிருக்கிறார்கள், சண்டை போட்டுக்கொண்டு எழுந்தார்களா, கையைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்களா, கேமராவுக்குத் தெரியாது. அதெல்லாம் வேண்டாத சேதி. அலுவலகத்தில் படங்களைக் கணினியில் ஏற்றியதும் செய்கிற முதல் வேலையே ஆட்களை அழிப்பதுதான், தெருவின் சூட்டைக் கணக்கிடும்போது நடுவில் நடந்துபோகிற உடம்புகளின் சூடு கலந்துவிடக் கூடாது, எனவே மனிதர்கள், நாய்கள், இன்னும் ஆறாத உட்கார்ந்த தடங்கள், எல்லாவற்றையும் சுற்றிக் கோடு போட்டு நீக்கிவிட வேண்டும். அவன் இந்த வேலையில் புலி. தெருவில் ஒரு குஞ்சு குருமான் மிச்சமிருக்காது, சுத்தமான ஆளற்ற ஊர் ஒன்று திரையில் தகதகவென்று நிற்கும். "நீங்க ஊரைக் காலி பண்ற ஆளு" என்று அவன் மனைவி சொல்வாள். அவள் நர்ஸ். ரெண்டு பேருக்கும் தெர்மாமீட்டர்தான் பொழப்பு, ஆனா என் நோயாளிங்க வாய் திறந்து பேசுவாங்க, உங்களுது சுவரு... என்பாள், பகல் ஷிப்டு முடிந்து வந்து ஜன்னலோர நாற்காலியில் காலைத் தூக்கி வைத்துக்கொண்டு. அவள் யாருக்கும் காய்ச்சல் பார்க்க முதலில் கருவியை எடுத்ததில்லை, புறங்கையைத்தான் நெற்றியில் வைப்பாள். அந்தப் புறங்கை போய் ஒரு மழைக்காலம் முடிந்து அடுத்த கோடையும் வந்துவிட்டது.

அந்த நாற்காலி... சரி, யோசிக்காமல் நடக்க வேண்டும் என்று நினைத்தால் கால் நடக்கும், மனசு நடக்குமா? கோடையின் தொடக்கத்தில் ஒருநாள் அளவெடுப்பை முடித்துக்கொண்டு கேமராவை அணைக்க மறந்து வீட்டுக்குள் நுழைந்துவிட்டான். இருட்டுக் கூடம், திரையில் எல்லாம் நீலம், ஜன்னலோரத்தில் அவள் நாற்காலியின் மெத்தையில் மட்டும் ஆரஞ்சு நிறத்தில் ஒரு வட்டம். அவள் உட்காரும் இடத்தில், அவள் உட்காரும் அளவில். பார்த்துக்கொண்டே நின்றான், அது ஓரங்களில் கரைந்து, சிவந்து, ஊதாவாகி, கூடத்தின் நீலத்தோடு நீலமாகப் போயிற்று. அழவில்லை. மூச்சு விடவும் இல்லை. அடுத்த நாளும் இருந்தது. அதற்கடுத்த நாளும். படித்தவன் இல்லையா, உடனே விளக்கம் தேடக் கிளம்பினான், மேற்கு ஜன்னல் வெயில் என்று முதலில் சொன்னான், ஜன்னல் திரைச்சீலையைக் காலையிலேயே இழுத்து மூடிவிட்டுப் போனான், வட்டம் இருந்தது. பின்சுவர் தேக்கி வைத்த சூடு என்றான், நாற்காலியைச் சுவரிலிருந்து தள்ளிப் போட்டான், வட்டம் இருந்தது. பக்கத்து வீட்டுப் பூனை என்றான், அந்தப் பூனை செத்துப் பல மாதம் ஆயிற்று என்று எதிர்வீட்டு அம்மாள் சொன்னாள். பேய் என்ற சொல்லைத் தனக்குள்கூட உச்சரித்ததில்லை, விளக்கப்படாத மிச்சம் என்று கௌரவமாகப் பெயர் வைத்தான். மெத்தையில் ஒரு உடம்பு விட்டுப்போகும் சூடு சில நிமிஷம்தான் தாங்கும் என்று தெரியாதா அவனுக்கு, அதைச் சொல்லித்தானே சோறு தின்கிறான்? தெரியும். தெரிந்தும் ஒவ்வொரு மாலையும் மாடிப்படி ஏறும்போது நெஞ்சு குதிரை மாதிரி ஓடியது, காதலிக்கிற காலத்தில்கூட இப்படி ஓடவில்லை, கிழவனாகிற நேரத்தில்...

நாளைக் காலை அந்த நாற்காலி போய்விடும். அக்கா வீட்டுக்காரர் வண்டியோடு வருகிறார், அவருக்குத் தெரிந்த முதியோர் இல்லத்தில் நாற்காலி கேட்டார்களாம். கேட்டது முதியோர் இல்லம், முதலில் சொன்னது மகள். போன வாரம் சாப்பிடும்போது தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னாள், "அப்பா, அந்த நாற்காலியை எங்கயாவது குடுத்துடுங்க." ஏம்மா என்றான். "எனக்குப் பார்க்கவே பிடிக்கல. நான் அந்தப் பக்கமே போறதில்ல." கல்லூரியிலிருந்து அவனுக்கு முன்பே வந்துவிடுவாள், அவன் வரும்போது அவள் அறைக்கதவு மூடியிருக்கும், காதில் பாட்டு இருக்கும், சாப்பிட மட்டும் வெளியே வருவாள். அம்மாவைப் பற்றி இருவரும் பேசுவதில்லை, ஒருவர் மற்றவருக்காகப் பேசாமலிருக்கிறோம் என்று இருவருமே நம்பிக்கொண்டிருந்தார்கள் போல. பிள்ளைக்குப் பார்க்கப் பிடிக்கவில்லை என்றால் பிறகென்ன, சரி என்றுவிட்டான். அத்தான் நேற்றே வந்து நாற்காலியை அளந்து பார்த்து, வந்ததற்கு ஒரு வேலை செய்யாமல் போனால் அவருக்குத் தூக்கம் வராது என்பதால், மக்கர் செய்கிற வாசல் பூட்டுக்கு எண்ணெயும் விட்டுவிட்டுப் போனார். அப்படியானால் இன்று கடைசி மாலை. அதனால்தான் மார்க்கெட் பக்கம் போகாமல் குறுக்குச் சந்தில் நடக்கிறானா? அங்கே அளவெடுக்க வேண்டியது பாக்கி, நாளைக்கு எடுத்துக்கொள்ளலாம், மார்க்கெட் எங்கும் போகாது...

வீட்டுக்குக் கீழே வந்து நின்று கேமராவை மாடி ஜன்னலை நோக்கித் தூக்கினான். இதை இந்தத் தொழிலுக்கு நேற்று வந்தவன்கூடச் செய்யமாட்டான். கண்ணாடிக்குள்ளே வெப்பக் கேமரா பார்க்காது, கண்ணாடி அதற்கு முன்னால் சுவர் மாதிரி, எதிரில் இருப்பதைத்தான் திருப்பிக் காட்டும். ஜன்னலில் தெரிந்தது குளிர்ந்த வானம், கரிய நீலத்தில், ஒன்றுமில்லாமல். உள்ளே அவள் இருக்கிறாளா என்று வானத்தைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாயா, உனக்கே சிரிப்பு வரவில்லையா என்று கேட்டுக்கொண்டான். வரவில்லை.

சாவியைப் போட்டதும் பூட்டு சத்தமில்லாமல் திறந்துகொண்டது. வழக்கமாக அந்தப் பூட்டோடு கொஞ்ச நேரம் மல்லுக்கட்ட வேண்டியிருக்கும், சாவியை ஆட்டி, கதவைத் தோளால் இடித்து, முணுமுணுத்து, கட்டடத்துக்கே அறிவிப்புக் கொடுத்துத்தான் வீட்டுக்குள் வருவான், இன்று கதவு வெண்ணெய் மாதிரி வழிவிட்டது, கம்பம்தான் நிலைப்படியில் தட்டி டங்கென்றது. உள்ளே ஏதோ அசைந்தது. அசைந்ததா? கேமராவைத் தூக்கினான். நாற்காலியில் வட்டம், இதுவரை பார்த்திராத பிரகாசம், ஏறக்குறைய வெள்ளை. கைப்பிடியில் ஐந்து விரல்கள். பிறகு தரையில்... தரையில் பாதங்கள். வெறுங்கால் தடங்கள், குளிர்ந்த ஓடுகளில் ஒன்றன்பின் ஒன்றாக, வலது பாதம் சற்றே வெளிப்பக்கம் திரும்பியபடி. அவள் அப்படித்தான் நடப்பாள், வாத்து என்று கேலி செய்வான், ஆஸ்பத்திரி வராந்தாவில் நாள் முழுக்க ஓடிப் பாருங்க, நீங்க வாத்துகூட ஆகமாட்டீங்க என்பாள். பெயர் சொல்லிக் கூப்பிட வாய் திறந்தது. தடங்கள் கூடத்தைக் குறுக்கே கடந்து, சாப்பாட்டு மேஜையைச் சுற்றிக்கொண்டு, அவசர அவசரமாக, குதிகால் படாமல், மகளின் அறைக்கதவு வரைக்கும் போய் நின்றன. கதவு மூடியிருந்தது.

எத்தனை தடவை அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறான்... எத்தனை தடவை அந்தக் கூடத்திலிருந்து மகளைச் சுற்றிக் கோடு போட்டு நீக்கியிருக்கிறான், வெயிலைச் சந்தேகித்தான், சுவரைச் சந்தேகித்தான், செத்த பூனையைச் சந்தேகித்தான், வீட்டில் மூச்சு விட்டுக்கொண்டிருக்கிற ஒரே இன்னொரு உடம்பை மட்டும் கணக்கில் எடுக்கவில்லை. அம்மாவின் நடை எப்போது அவளுக்கு வந்தது? பார்க்கவே பிடிக்கவில்லை என்று ஏன் சொன்னாள்? தினமும் வாசலில் பையைக்கூட இறக்கி வைக்காமல் கேமராவும் கையுமாக நாற்காலியைப் பார்த்துக்கொண்டு நிற்கிற அப்பாவை, கதவிடுக்கில் அவள் பார்த்திருப்பாளோ? இந்த மனுஷனைக் காப்பாற்ற வேறு வழியில்லை, நாற்காலியைத் தூக்கிக் கொடுத்துவிடுவோம் என்று நினைத்திருப்பாளோ, தான் மாலைதோறும் உட்காருகிற அந்த ஒரே இடத்தை? அதைவிட ஒன்று பிறகுதான் உறைத்தது. இவ்வளவு நாளும் யாரோ வந்துவிட்டுப் போகிறார்கள் என்று நினைத்திருந்தான், ஆனால் பூட்டுச் சத்தம் கேட்டதும்தானே அவள் எழுந்து ஓடுகிறாள். இந்த வீட்டில் ஒருவரை எழுப்பி விரட்டுகிற ஆவி ஒன்று உண்டென்றால், அது கம்பத்தோடு படியேறி வருகிற ஆவிதான்.

பின்வாங்கி வெளியே வந்து கதவைச் சாத்தினான். மாடிப்படியில் நின்று அத்தானைப் போனில் கூப்பிட்டு, தணிந்த குரலில், நாளைக்கு வண்டி வேண்டாம் என்றான். அவர், "பொண்ணுதானே வேணாம்னு சொன்னா?" என்றார்.

"அவ எனக்காகச் சொல்லிருக்கா அத்தான்."

"அவகிட்ட கேட்டியா?"

இல்லை என்றான். கேட்டால்? கேட்டால் நாளை முதல் அவள் அதில் உட்காரமாட்டாள், மாட்டிக்கொண்ட திருடி மாதிரி சிரித்துவிட்டு அறைக்குள் போய்விடுவாள், நாற்காலி மிஞ்சும், நீலமாக. கேட்காவிட்டால்? தினமும் பூட்டை ஆட்டி, இடித்து, முணுமுணுத்து, அவளுக்கு ஓடுவதற்கு நேரம் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும்... உள்ளே நாற்காலி கிறீச்சென்றது. பால் வாங்கப் போய்விட்டான் என்று நினைத்திருப்பாள். அவன் அசையவில்லை. எதிர்வீட்டு அம்மாள் கதவைத் திறந்து எட்டிப் பார்த்து, "என்ன சார், வெளியவே நிக்கிறீங்க, சாவியைத் தொலைச்சிட்டீங்களா?" என்றாள், ஊருக்கே கேட்கிற குரலில். இல்லம்மா, இருக்கு என்றான். உள்ளே மறுபடி கிறீச்சென்ற சத்தம், அப்புறம் ஒன்றுமில்லை, காலடிச் சத்தமும் இல்லை. எழுந்துவிட்டாளா, எழுந்திருக்கப் போய் மறுபடி உட்கார்ந்தாளா... கதவில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தான், மரம் ஒன்றும் சொல்லவில்லை, சாவி கையிலேயே இருந்தது.