இறங்காத கை

போர் தொடங்கிய மூன்றாவது ஞாயிற்றுக்கிழமை, காலை பத்து ஐம்பதுக்கு, படைக்குப் புறப்பட்ட இருபத்தாறு பேரை ஆசீர்வதிக்கப் போதகர் தூக்கிய வலது கை, அதன் பிறகு கீழே இறங்கவில்லை. ஆலயத்தில் அன்று வழக்கத்தைவிடக் கூட்டம் அதிகம். வீரர்கள் முன்வரிசைகளில் உட்கார்ந்திருந்தார்கள். மழைநாளில் குடைகளைச் சாத்துவதுபோல் துப்பாக்கிகளை பெஞ்சு ஓரங்களில் சாத்தியிருந்தார்கள். ஆராதனையின் கடைசி வரி 'சமாதானத்தோடே போய் வாருங்கள்' என்பது. இருபது வருஷமாக ஞாயிறுதோறும் அவர் தடுமாறாமல் சொல்லிவந்த வரி. அன்று 'சமா' என்பதுவரை வந்தார். சாத்தியிருந்த துப்பாக்கிகளில் ஒன்று அந்த நேரம் பார்த்துச் சறுக்கித் தரையில் விழுந்தது. அதை எடுக்கக் குனிந்தவன் அவருடைய மனைவியின் தம்பி. போதகர் வாயை மூடிக்கொண்டார். ஆர்கன் வாசிப்பவர் முடிந்துவிட்டது என்று நினைத்து வாசிக்க ஆரம்பித்தார். இருபத்தாறு பேரும் எழுந்து துப்பாக்கிகளை எடுத்துக்கொண்டு ரயிலடிக்குப் போனார்கள்.

இரண்டாவது வரிசையில் இருந்த அவர் மனைவி, மனுஷன் வரியை மறந்துவிட்டார் என்றுதான் முதலில் நினைத்தாள். வீட்டுக்கு வந்து வாசல் நிலையில் அவர் கை இடித்தபோது சிரிப்பு வந்தது. சாயங்காலம் அங்கியைக் கழற்ற முடியாமல் இருவரும் அரைமணி நேரம் போராடியபோது சிரிப்பு போய்விட்டது. வைத்தியர் வந்து எலும்பு சரி, நரம்பு சரி, வலியும் இல்லை என்கிறார், பிறகு நான் எதற்கு என்று கேட்டுவிட்டுப் போனார். அவள் எல்லாச் சட்டைகளுக்கும் வலதுபக்கத் தையலை அக்குள்வரை பிரித்துப் பொத்தான் வைத்தாள். கட்டிலின் தலைமாட்டுப் பலகையைக் கழற்றினாள். இடதுகையால் சாப்பிட அவர் இரண்டு மாதத்தில் பழகிக்கொண்டார். வீதியில் அவர் நடந்தால் பேருந்துகள் நின்றன. நிறுத்தச் சொல்லிவிட்டு ஏறமாட்டேன் என்கிறாரே என்று ஓட்டுநர்கள் கொஞ்ச நாள் திட்டினார்கள். அப்புறம் வேகத்தைக் குறைத்து ஒரு வணக்கம் வைத்துவிட்டுப் போனார்கள்.

அந்தக் கைக்கு என்ன அர்த்தம் என்பதில்தான் ஊருக்கு ஒரு முடிவு கிடைக்கவில்லை. இரண்டாம் மாதம் ஒரு ராணுவ அதிகாரி வந்து, சரணடைகிறவன் மாதிரி நின்று ஜனங்களின் மனதைத் தளர்த்துகிறார் என்று சொல்லி அவரை இரண்டு நாள் காவலில் வைத்தார். மூன்றாம் நாள் அந்த அதிகாரிக்கும் மேலானவர் வந்து, இது படையை வழியனுப்பும் கை என்று சொல்லி, படமெடுத்துப் பத்திரிகையில் போட ஏற்பாடு செய்தார். சபைக் கமிட்டியில் எந்தத் தீர்மானம் வந்தாலும் போதகரின் வாக்கு ஆதரவாக விழுந்தது. எதிரியின் துறைமுகத்தைக் கொளுத்திய படைக்கு நன்றி சொல்லும் தீர்மானத்துக்கும் விழுந்தது. அந்தத் துறைமுகத்தில் வெந்து செத்தவர்களுக்காக ஜெபிக்கும் தீர்மானத்துக்கும் அடுத்த வாரமே விழுந்தது.

"நான் தூக்கலங்க, அதுவா தூக்கியிருக்கு" என்றார் போதகர்.

"எனக்கு அந்த வித்தியாசமெல்லாம் தெரியாது ஐயா. நான் எண்ணுறது கையத்தான்" என்றார் செயலாளர்.

பேராயரிடமிருந்து நீளமான கடிதம் வந்தது. போரே கூடாது என்று சபை ஒருநாளும் சொன்னதில்லை; முறையான அரசு தொடுத்ததா, காரணம் நியாயமானதா, மற்ற வழிகள் எல்லாம் அடைபட்டுப்போயினவா, ஆயுதம் எடுக்காதவர்களைத் தொடாமல் நடக்கிறதா என்று பார்க்க வேண்டும்; பார்த்ததில் இது நியாயமான போர்; ஆகவே கையை இறக்கவும் என்று எழுதியிருந்தார். போதகர் ஒவ்வொரு கேள்விக்கும் எதிரே இடதுகையால் கோணல்மாணலாக ஒரு குறி போட்டார். திங்கட்கிழமை போட்டதைப் புதன்கிழமை அடித்தார். எதிரி நதிக்கரை நகரத்தை எரித்தபோது தப்பி வந்து ஆலயக் கூடத்தில் தங்கியிருந்த ஒரு பெண் அவரிடம், "அன்னைக்கு யாராவது துப்பாக்கியோட எங்க தெருவுல நின்னிருந்தா என் வீட்டுக்காரர் இன்னைக்கு இருப்பார் ஐயா" என்றாள். அவர் ஆமாம் என்றார். படைக்குப் போக மறுத்துச் சிறையில் இருந்த தபால்காரரைப் பார்க்கப் போனபோது அவர், "எதிரிய நேசிக்கச் சொன்னவரு, போர் வந்தா மட்டும் விட்டுடுங்கன்னு சொல்லலையே ஐயா" என்றார். அதற்கும் ஆமாம் என்றார். வீட்டுக்கு வந்து மனைவியிடம் இரண்டையும் ஒப்பித்துவிட்டு, பாதி கழற்றிய செருப்போடு நடைவாசலில் வெகுநேரம் நின்றார்.

அவளுக்கு நியாயமான போரா அநியாயமான போரா என்பதெல்லாம் இரண்டாம் பட்சம். ஆறு வயதில் தாயை இழந்த தம்பியைத் தலைவாரி வளர்த்தவள் அவள். ஒருநாள் துணி காயப்போட்டுக்கொண்டே கேட்டுவிட்டாள்.

"ஒரே ஒரு வார்த்தை. சொல்லித் தொலைங்களேன்."

"சொல்லத்தான் பாக்குறேன். வரமாட்டேங்குது."

"என் தம்பி பாதி ஆசீர்வாதத்தோட போயிருக்கான்."

"மீதியையும் குடுத்திருந்தா, அந்தத் துப்பாக்கிக்கும் சேத்துக் குடுத்ததா ஆயிடாதா?"

"குடுக்காம வச்சிருக்கிறது அவனுக்கும் சேத்துத்தானே" என்றாள்.

அவர்கள் இருவரும் அன்றிலிருந்து ஏறக்குறைய ஒரு வருஷம் உப்பு, தண்ணீர், சாவி என்ற அளவில்தான் பேசிக்கொண்டார்கள். பொத்தான்களை மட்டும் அவள் தினமும் போட்டுவிட்டாள்.

நான்காம் வருஷம் போர் நின்றது. யார் ஜெயித்தது என்று இரண்டு பத்திரிகைகள் இரண்டு விதமாக எழுதின. இருபத்தாறு பேரில் பன்னிரண்டு பேர் திரும்பினார்கள், தம்பியும் வந்தான். ஒரு காது கேட்கவில்லை, மற்றபடி முழு ஆளாக இருந்தான். அவள் அவன் விரல்களைக்கூட எண்ணிப் பார்த்தாள். ஆனால் வந்த நாளிலிருந்து அவன் போதகருக்கு முதுகைக் காட்டியே உட்கார்ந்தான். மூன்று வாரம் பொறுத்துப் பார்த்துவிட்டு, மதியச் சாப்பாட்டின்போது, அத்தானுக்கு இப்படியா முதுகு காட்டுவது, திரும்பி உட்காரு என்று அதட்டினாள். அவன் தட்டைத் தள்ளி வைத்தான்.

"மாவு மில்லுக்குப் பின்னால ஒருத்தன் நின்னான்க்கா. வலது கைய மட்டும் தூக்கிக்கிட்டு. பத்திரிகைப் படத்துல அத்தான் நிக்குற மாதிரியே. சரணடையறானா, எதையாவது எறியப்போறானான்னு தெரியல. ஒரு நிமிஷம் சும்மா பாத்துக்கிட்டே நின்னேன். அப்புறம் சுட்டுட்டேன்."

"கையில என்ன இருந்துச்சு?"

"போய்ப் பாக்கலக்கா."

கரண்டி அவள் கையிலேயே இருந்தது. அந்த ஒரு நிமிஷத் தயக்கத்தில் தம்பி செத்திருக்கலாம். அப்படியானால் அது இந்தக் கையால் வந்திருக்கும். அந்தத் தயக்கம் இன்னும் ஒரு நிமிஷம் நீண்டிருந்தால் அந்த மில் சுவரோரத்து ஆள் பிழைத்திருக்கலாம். அப்படியானால் அதுவும் இந்தக் கையால்தான். புருஷன்மேல் கோபப்படுவதா, அவர் காலில் விழுவதா என்று அவளுக்கு விளங்கவில்லை. இரண்டையும் செய்யாமல் தம்பியின் தட்டில் இன்னும் கொஞ்சம் சோறு வைத்தாள்.

"நியாயமான போர்னு பேராயர் எழுதினாராமே அத்தான்" என்றான் அவன், இப்போது திரும்பி. "அது மில்லுக்குப் பின்னால நின்ன ஆளுக்கும் சேத்தா?"

"எனக்குத் தெரியல தம்பி" என்றார் போதகர். "நாலு வருஷமா யோசிக்கிறேன். தெரியல."

"சரி, அன்னைக்கு விட்ட மிச்சத்தையாவது சொல்லிடுங்க."

அடுத்த ஞாயிறு ஆலயம் நிரம்பி வழிந்தது. சொல் முடிந்தால் கை இறங்கும் என்பது ஊரில் எல்லோருடைய எண்ணமும். பன்னிரண்டு பேரும் முன்வரிசையில் இருந்தார்கள். செத்த பதினான்கு பேரின் வீட்டார் அவர்களுக்குப் பின்னால் இருந்தார்கள். போதகர் நின்று, ஒரு திக்கலும் இல்லாமல், "சமாதானத்தோடே போய் வாருங்கள்" என்று சொல்லி முடித்தார். சொல் அவ்வளவு சுலபமாக வந்தது. எல்லோரும் கையைப் பார்த்தார்கள். அது அப்படியே இருந்தது. யாரோ இருமினார்கள். ஆர்கன் வாசிப்பவர் வாசிக்கலாமா வேண்டாமா என்று தெரியாமல் விரல்களைக் கட்டைகளுக்குமேல் வைத்துக்கொண்டிருந்தார். போதகர் தன் கையைத் தானும் ஒருமுறை நிமிர்ந்து பார்த்தார். பிறகு பீடத்தைவிட்டு இறங்கி வந்து, மனைவியின் தம்பிக்கு முன்னால் போய், இரண்டு முழங்காலையும் தரையில் ஊன்றினார். எழுந்து நின்றவனின் தலை உச்சிக்குச் சரியாக அந்த உள்ளங்கை வந்து சேர்ந்தது.

அவன் அழவில்லை. சற்று நேரம் கண்ணை மூடி நின்றான், பிறகு கேட்கும் காதைத் திருப்பி, "இது மன்னிப்பா, ஆசீர்வாதமா அத்தான்?" என்று தாழ்ந்த குரலில் கேட்டான். போதகர் தலையை ஆட்டினார். அது ஆமாம் என்ற ஆட்டமா, தெரியாது என்ற ஆட்டமா என்று இரண்டாவது வரிசையிலிருந்த அவளுக்குத் தெரியவில்லை. அவன் நகர்ந்ததும் அடுத்தவன் வந்து அதே இடத்தில் நின்றான். அப்புறம் மற்றவர்கள். அப்புறம் செத்தவர்களின் வீட்டார், நதிக்கரை நகரத்துப் பெண், சிறையிலிருந்து விடுபட்டு வந்த தபால்காரர். குழந்தைகளைத் தூக்கிப் பிடித்தார்கள். கடைசியாக அவள் போய் நின்றாள். நான்கு வருஷமாக நகம் வெட்டிவிட்ட கை; தலையில் வைத்தபோது அது இத்தனை கனமாக இருக்கும் என்று அவள் நினைத்திருக்கவில்லை.

ஜனங்களுக்கு முன்னால் போதகர் முழங்காலிடுவது முறையல்ல என்று பேராயர் இரண்டு கடிதம் எழுதினார், பிறகு எழுதவில்லை. அன்றுமுதல் அந்த ஆலயத்தில் ஆசீர்வாதம் இப்படித்தான். ஆராதனை இருபது நிமிஷம் நீண்டது, யாரும் முறையிடவில்லை. முழங்காலுக்கு ஒரு சிறிய மெத்தை தேவைப்பட்டது. அது வருஷத்துக்கு ஒன்று தேய்ந்தது. அவள் நீலத் துணி கிடைத்தால் நீலத்தில், கிடைக்காவிட்டால் வீட்டில் இருப்பதில் தைத்துப் போட்டாள்.